சாட்சியை எண்ணுவதா, நிறுப்பதா? கொள்ளுப்பிட்டி டஃப் ஹவுஸ் வழக்கும் மேன்முறையீட்டுப் பாடங்களும்

ஒரு வழக்கைப் பற்றிப் பேச்சு வந்தால் நம்மவர்கள் முதலில் கேட்பது, "சாட்சி எத்தின பேர்?" என்பதைத்தான். அடுத்த கேள்வி, "எங்கட ஆக்களா, மத்தப் பக்கத்து ஆக்களா?" தீர்ப்பு வந்த பிறகு மூன்றாவது ஒன்று வரும்: "ரெண்டு சாட்சியும் ரெண்டு மாதிரி சென்னாங்களே, அப்பீல்ல கேஸ் விழும் தானே?" புதுக்கடை நீதிமன்ற வாசலிலும், ஜும்ஆ முடிந்து கலையும் கூட்டத்திலும் இந்த மூன்று கேள்விகளையும் நான் பல தடவை கேட்டிருக்கிறேன். கேட்பவர் யாரோ ஒருவரின் வாப்பாவாக, நானாவாக, மச்சானாக இருப்பார். அவர்கள் வீட்டுப் பிள்ளை ஒன்று மறியலில் இருக்கும், அல்லது வெட்டுக்காயத்தோடு ஆஸ்பத்திரியில் படுத்திருக்கும். அதனால் இவற்றை வெறும் வாய்ப்பேச்சுக் கேள்விகள் என்று தள்ளிவிட முடியாது.

இந்த மூன்றுக்கும் சட்டம் தரும் விடை, நாம் எதிர்பார்க்கிற விடை அல்ல. சாட்சிகளின் தொகையைச் சட்டம் பார்ப்பதில்லை. அவர் யாருடைய ஆள் என்பதை மட்டும் வைத்து அவரைத் தள்ளுவதும் இல்லை. இரண்டு பேர் சொன்னது அச்சடித்தாற்போல் ஒத்திருக்க வேண்டும் என்றும் அது கேட்பதில்லை. அப்படியானால் மேன்முறையீட்டு நீதிபதிகள் எதை வைத்துச் சாட்சியை நிறுக்கிறார்கள்? கொலை முயற்சி வழக்கு ஒன்றை மனதில் வைத்து இதை விளக்கப் பார்க்கிறேன். துணைக்கு எடுத்துக்கொள்வது நமது கொள்ளுப்பிட்டியில் தொடங்கி லண்டன் வரை போய், பிறகு பலஸ்தீனிலும் ஹைதராபாத்திலும் பேசப்பட்ட ஒரு தீர்ப்பு.

காயப்பட்டவரே சாட்சியாகும்போது

நமது தண்டனைச் சட்டக்கோவையின் 300ஆம் பிரிவு கொலை முயற்சியைச் சொல்கிறது. ஒருவர் செய்த செயலால் மரணம் நேர்ந்திருந்தால் அது கொலையாகியிருக்கும் என்ற எண்ணத்தோடு அல்லது அறிவோடு அந்தச் செயல் செய்யப்பட்டிருக்க வேண்டும். தண்டனை 10 வருடம் வரை போகலாம். அந்தச் செயலால் யாருக்காவது காயம் ஏற்பட்டிருந்தால் 20 வருடம் வரை போகலாம்.

கொலை வழக்குக்கும் இதற்கும் சாட்சிய அளவில் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. கொலை வழக்கில் முக்கியமான சாட்சி மண்ணுக்குள் போய்விட்டார். கொலை முயற்சி வழக்கில் அவர் கூண்டில் ஏறிப் பேசுகிறார். ஆஸ்பத்திரியில் "இனிப் பிழைக்க மாட்டார்" என்ற நிலையில் அவர் ஒரு வாக்குமூலம் கொடுத்திருக்கலாம். அவர் மௌத்தாகியிருந்தால் அது சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 32ஆம் பிரிவின் கீழ் மரண வாக்குமூலமாகத் தனியாகவே நிற்கும். பிழைத்துவிட்டால் அந்தத் தகுதி போய்விடும். அவர் நீதிமன்றத்தில் சொல்வதை உறுதிப்படுத்தவோ, அவரோடு முரண்படுத்தவோ மட்டுமே அந்தப் பழைய வார்த்தை உதவும்.

காயப்பட்ட சாட்சிக்கு நீதிமன்றங்கள் கூடுதல் பாரம் கொடுப்பது வழமை. அவர் சம்பவ இடத்தில் இருந்தார் என்பதை அவர் உடம்பே சொல்கிறது. தன்னைக் குத்தியவனை விட்டுவிட்டு வேறொருவனை மாட்டிவிட அவருக்குச் சாதாரணமாக மனம் வராது என்பதும் ஒரு காரணம். ஆனால் காயம் எல்லாவற்றையும் சொல்லிவிடாது. குத்தியது யார் என்பதைக் காயம் சொல்லாது. சண்டையைத் தொடங்கியது யார் என்பதையும் சொல்லாது. இந்த இரண்டாவது விடயம் சின்னதல்ல. திடீர்ச் சண்டையோ, கடுமையான திடீர்க் கோபமூட்டலோ இருந்ததென்றால் வழக்கு 300ஆம் பிரிவிலிருந்து குறைந்த தண்டனையுள்ள 301ஆம் பிரிவுக்கு இறங்கலாம். அதனால் காயப்பட்டவரின் வார்த்தையையும் பகுதி பகுதியாக நிறுக்க வேண்டியிருக்கிறது.

விளங்குவதற்காகக் கற்பனையாக ஒரு சம்பவத்தை வைத்துக்கொள்வோம். காலி வீதியிலிருந்து உள்ளே போகும் ஒரு குறுக்குத் தெருவில், கடை பூட்டும் நேரம், ஒரு கடைக்காரருக்கு வயிற்றில் கத்திக்குத்து. கண்டவர்கள் மூன்று பேர்: குத்துப்பட்ட கடைக்காரர், அவருடைய மனைவியின் தம்பி, தெருமுனையில் த்ரீவீலோடு நின்ற ஒரு சாரதி. மேல் நீதிமன்றம் எதிரியைக் குற்றவாளியாகக் கண்டு சிறைக்கு அனுப்புகிறது. எதிரி மேன்முறையீடு செய்கிறார்.

கடுதாசியில் முகம் தெரியாது

மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் சாட்சிகள் மறுபடியும் கூண்டில் ஏறுவதில்லை. நீதிபதிகளுக்கு முன்னால் இருப்பது தட்டெழுதிய வழக்கேடு மட்டும். சாட்சி தயங்கினாரா, முகம் மாறினாரா, கேள்வி முடியுமுன்னே மனப்பாடம் செய்த மாதிரி பதில் சொன்னாரா என்பதெல்லாம் அந்தத் தாளில் இருக்காது. இதனால்தான் இலங்கையிலிருந்து போன ஃபிராட் எதிர் பிரவுண் கம்பனி என்ற வழக்கில், 1918இல், லண்டன் கோமறைக் கழகம் ஒரு கொள்கையை அழுத்திச் சொன்னது. சாட்சியை நேரில் கண்டு கேட்ட முதல் நீதிபதிக்கு விலைமதிக்க முடியாத ஓர் அனுகூலம் உண்டு. நம்பகத்தன்மை பற்றிய அவருடைய முடிவை மேல் மன்றம் இலேசில் புரட்டக் கூடாது. இன்று வரை நமது மேன்முறையீட்டுத் தீர்ப்புகளில் இந்த வழக்கின் பெயர் வந்துகொண்டே இருக்கிறது.

"அப்படியெண்டா அப்பீல் எதுக்கு?" என்று கேட்கத் தோன்றும். அரசியலமைப்பின் 138ஆம் உறுப்புரை, சட்டப் பிழைகளோடு நிகழ்வுப் பிழைகளையும் திருத்தும் அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குக் கொடுத்திருக்கிறது. நீதி தவறும்படியான பிழையாக அது இருக்க வேண்டும், அவ்வளவுதான். முதல் நீதிபதி சாட்சியத்தின் ஒரு முக்கிய பகுதியைக் கவனிக்காமல் விட்டிருந்தால், காரணம் சொல்லாமல் "நம்புகிறேன்" என்று மட்டும் எழுதியிருந்தால், வைத்தியச் சான்றோடு பொருந்தாத கதையை ஏற்றிருந்தால், மேல் மன்றம் தலையிடும்.

நடைமுறையில் இன்னும் இரண்டு விடயங்களைக் கவனிக்க வேண்டும். முதலாவது, எங்கள் வழக்குகள் வருடக்கணக்கில் இழுபடுகின்றன. இடையில் நீதிபதிக்கு இடமாற்றம் வந்துவிடும். புதிதாக வருபவர் முன்னவர் பதிந்த சாட்சியத்தை ஏற்று வழக்கைத் தொடர நீதித்துறைச் சட்டத்தின் 48ஆம் பிரிவு இடம் கொடுக்கிறது. அப்படி வந்து தீர்ப்பெழுதியவர் சாட்சியின் முகத்தைக் கண்டிருக்க மாட்டார். அவருக்கும் மேல் மன்ற நீதிபதிக்கும் அந்த விடயத்தில் வித்தியாசம் இல்லை. விலைமதிக்க முடியாத அனுகூலம் என்ற வாதம் அங்கே தானாகவே மெலிந்துவிடுகிறது.

இரண்டாவது, மொழி. கொழும்பில் தமிழ் பேசும் ஒருவர் சொல்லும் சாட்சியம் பெரும்பாலும் மொழிபெயர்ப்பாளர் வழியாகச் சிங்களத்தில் பதிவாகிறது. மேன்முறையீட்டுத் தீர்ப்பு பெரும்பாலும் ஆங்கிலத்தில் வருகிறது. நமது பேச்சில் "மச்சான்" என்றால் ராத்தாவின் மாப்பிள்ளையாகவும் இருக்கலாம், மாமா மகனாகவும் இருக்கலாம், ஒன்றாகப் படித்த கூட்டாளியாகவும் இருக்கலாம். த்ரீவீல் சாரதி கடைக்காரரை வாய்ப்பழக்கத்தில் "மச்சான்" என்று சொல்ல, அது "மைத்துனர்" என்று பதிவானால், சம்பந்தமில்லாத ஒரு சாட்சி கடுதாசியில் சொந்தக்காரராகிவிடுவார். நேரமும் அப்படித்தான். "மஃரிபுக்குப் பொறகு" என்று ஒருவர் சொல்வார், "ஆறு மணி போல" என்று மற்றவர் சொல்வார். கொழும்பில் நவம்பரில் ஆறு மணிக்கு முன்பே பொழுது பட்டுவிடும், ஜூலையில் ஆறரை வரை வெளிச்சம் இருக்கும். சம்பவம் நடந்த மாதம் தெரியாமல் இந்த இரண்டு சொல்லும் முரணா இல்லையா என்று யாரும் சொல்ல முடியாது.

டஃப் ஹவுஸ்

1933 ஒக்டோபரில், கொள்ளுப்பிட்டி பகத்தலை வீதியில் டஃப் ஹவுஸ் என்ற வீட்டில் ஒரு பெண் குளோரோபோம் நஞ்சினால் இறந்தார். அவருடைய கணவர் ஸ்டீபன் செனவிரத்ன மீது கொலைக் குற்றம் சுமத்தப்பட்டது. நேரில் கண்ட சாட்சி யாரும் இல்லை. கணவர் கொடுத்தார் என்றது வழக்குத்தொடுநர் தரப்பு. பெண் தன்னுயிரைத் தானே மாய்த்துக்கொண்டார் என்றது எதிர்த்தரப்பு. 1934இல் ஜூரிமார் கணவரைக் குற்றவாளியாகக் கண்டார்கள். மரண தண்டனை விதிக்கப்பட்டு, பின்பு ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது.

அன்றைய இலங்கையில் ஜூரி தீர்ப்பின் மீது, சாட்சியத்தை நிறுத்ததில் பிழை என்று சொல்லி மேன்முறையீடு செய்ய உள்ளூரில் ஒரு நீதிமன்றமே இருக்கவில்லை. குற்றவியல் மேன்முறையீட்டு நீதிமன்றம் 1938ஆம் ஆண்டின் 23ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தால்தான் அமைக்கப்பட்டது. ஆகவே செனவிரத்னவுக்கு இருந்த ஒரே வழி, விசேட அனுமதி பெற்று லண்டனுக்குப் போவது. அதற்கு வசதியும் வேண்டும். வசதி இல்லாத எத்தனை பேருடைய வழக்கு கொழும்போடு முடிந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கலாம். 1936இல் கோமறைக் கழகம் மேன்முறையீட்டை ஏற்றுத் தீர்ப்பைத் தள்ளுபடி செய்தது. தீர்ப்புரை ரோச் பிரபுவுடையது.

அவர் சாட்சிகளைப் பற்றிச் சொன்னதை என் வார்த்தையில் சொன்னால் இப்படி வரும். சம்பவத்தின் கதையை விரித்துச் சொல்வதற்கு இன்றியமையாத சாட்சிகளை வழக்குத்தொடுநர் கட்டாயம் அழைக்க வேண்டும். அவர்கள் சொல்வது தனக்குச் சாதகமாக முடியுமா, பாதகமாக முடியுமா என்று பார்க்கக் கூடாது. அதேவேளை, தொகையையும் நம்பகத்தன்மையையும் பாராமல் கையில் கிடைத்த எல்லோரையும் கூண்டில் ஏற்றும் கடமையும் அவருக்கு இல்லை. அவ்வாறு ஏற்றிவிட்டுத் தன் சாட்சிகளையே குறுக்குக் கேள்வியால் உடைக்கப் போனால் ஜூரிமார் குழம்பத்தான் செய்வார்கள். டஃப் ஹவுஸ் விசாரணையில் அந்தக் குழப்பம்தான் நடந்திருந்தது.

அதே வருடம் இலங்கையிலிருந்தே போன அத்திகல வழக்கிலும் செனவிரத்ன வழக்கிலும் 106ஆம் பிரிவு பேசப்பட்டது. ஒருவருக்கு மட்டுமே தெரிந்த விடயத்தை நிரூபிக்கும் பொறுப்பு அவருடையது என்கிறது அந்தப் பிரிவு. "அறைக்குள் நடந்தது எதிரிக்குத்தானே தெரியும், அவரே சொல்லட்டும்" என்று அதை வைத்து நிரூபிக்கும் பாரத்தை எதிரியின் தலையில் இறக்கிவிட முடியாது என்பதே முடிவு. இந்தியாவும் இலங்கையும் அன்று ஒரே அச்சில் வார்த்த சான்றுச் சட்டம் இருந்த நாடுகள். இந்தியச் சட்டம் 1872இல் வந்தது, நம்முடையது 1895இன் 14ஆம் இலக்கம். ஆகவே 1956இல் இந்திய உயர் நீதிமன்றம் சம்பு நாத் மெஹ்ரா வழக்கில் 106ஐ விளக்கியபோது இந்த இரண்டு இலங்கை வழக்குகளையும் எடுத்துக்காட்டியது.

பலஸ்தீனுக்கும் ஹைதராபாத்துக்கும்

அழைக்கப்படாத சாட்சி பற்றிய கொள்ளுப்பிட்டித் தீர்ப்பு வேறு இரண்டு மேன்முறையீடுகளில் சோதிக்கப்பட்டது. இரண்டிலும் முறையிட்டவர்கள் முஸ்லிம்கள் என்பதால் நம் வாசகர்களுக்கு அவற்றில் கூடுதல் அக்கறை இருக்கலாம்.

1944இல் அறிக்கையிடப்பட்டது ஆதில் முஹம்மத் அத்தப்பாஹ் எதிர் பலஸ்தீன் சட்டமா அதிபர் வழக்கு. பிரித்தானியர் ஆட்சிக்குட்பட்டிருந்த பலஸ்தீனில் கொலைக்குத் தண்டனை பெற்றவர் அவர். குற்றப்பத்திரத்தில் பெயர் போட்ட சாட்சிகள் எல்லோரையும் வழக்குத்தொடுநர் அழைக்கவில்லை என்பது அவருடைய முறைப்பாடுகளில் ஒன்று. கோமறைக் கழகம் அதை ஏற்கவில்லை. யாரை அழைப்பது என்ற தெரிவு வழக்குத்தொடுநருடையது, உள்நோக்கம் ஏதும் காட்டப்பட்டாலன்றி நீதிமன்றம் அதில் கைவைக்காது என்றது.

மற்றது ஹபீப் முஹம்மத் எதிர் ஹைதராபாத் மாநிலம். நிஜாம் ஆட்சியின் கடைசிக் காலத்தில் வரங்கல் பகுதியின் சுபேதாராக, அதாவது உயர் நிர்வாக அதிகாரியாக, இருந்தவர் ஹபீப் முஹம்மத். 1947இன் இறுதியில் ஒரு கிராமத்தில் நடந்த துப்பாக்கிச் சூடு, தீவைப்பு தொடர்பாகக் கொலை, கொலை முயற்சி உள்ளிட்ட குற்றங்கள் அவர் மீது சுமத்தப்பட்டு, மரண தண்டனை விதிக்கப்பட்டது. சம்பவ இடத்தில் அவரோடு இருந்த ஓர் உயர் பொலிஸ் அதிகாரியை வழக்குத்தொடுநர் சாட்சியாக அழைக்கவே இல்லை. நடந்ததை மிக நன்றாகச் சொல்லக்கூடியவர் அவர்தான். 1953இல் இந்திய உயர் நீதிமன்றம் செனவிரத்ன வழக்கின் கொள்கையை எடுத்து வைத்து, அந்த அதிகாரியை மறைத்தது எதிரிக்குப் பெரும் பாதகம் என்று கண்டு, தீர்ப்பைத் தள்ளுபடி செய்தது.

இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் கோடு எங்கே விழுகிறது என்று தெரியும். பட்டியலில் இருந்த ஒரு பெயர் விடுபட்டது என்பது மட்டும் போதாது. அவர் இல்லாமல் கதையில் ஓட்டை விழ வேண்டும். நமது 114ஆம் பிரிவின் (ஊ) என்னும் உதாரணமும் இதையே தொடுகிறது. கொண்டுவரக்கூடிய சாட்சியத்தை ஒரு தரப்பு கொண்டுவராவிட்டால், வந்திருந்தால் அது அந்தத் தரப்புக்குப் பாதகமாகவே இருந்திருக்கும் என்று நீதிமன்றம் ஊகிக்கலாம். கட்டாயமாக ஊகிக்க வேண்டும் என்றில்லை.

நமது குறுக்குத் தெருவுக்குத் திரும்புவோம். கடைக்காரரும் மனைவியின் தம்பியும் மட்டும் சாட்சி சொன்னார்கள், த்ரீவீல் சாரதி அழைக்கப்படவில்லை என்று வையுங்கள். சாரதியும் அதே காட்சியைத்தான் கண்டார் என்றால் அவர் வராதது பெரிய குறையல்ல. ஆனால் கத்தி முதலில் கடைக்காரரின் கையில் இருந்தது என்று அவர் பொலிஸில் சொல்லியிருந்தால்? அப்போது அவரை வீட்டில் விட்டுவிட்டு வந்த வழக்கு நொண்டி வழக்குத்தான். கூண்டில் ஏறிய இரண்டு பேரையும் நிறுக்கும்போது, ஏறாத அந்த மூன்றாமவரும் தட்டில் இருக்கிறார்.

எடைக்கற்கள்

இனி, வந்த சாட்சியை நிறுப்பது எப்படி என்று பார்ப்போம். தீர்ப்புகளில் திரும்பத் திரும்ப வரும் சோதனைகளைச் சுருக்கித் தருகிறேன்.

தொகை. எந்த விடயத்தையும் நிரூபிக்க இத்தனை சாட்சி வேண்டும் என்று இல்லை என்கிறது 134ஆம் பிரிவு. 1999ஆம் ஆண்டு அறிக்கையில் உள்ள சுமனசேன வழக்கில், சாட்சியத்தை எண்ணக் கூடாது, நிறுக்க வேண்டும் என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் வலியுறுத்தியது. அப்பழுக்கில்லாத ஒரு சாட்சி போதும். ஆட்டம் கண்ட பத்துப் பேர் போதாது.

தாமதம். சம்பவம் நடந்த கையோடு பொலிஸில் சொன்னது கற்பனை கலக்க நேரமில்லாதது என்பதால் அதற்குப் பாரம் அதிகம். ஆனாலும் பிந்திச் சொன்னதற்காக மட்டும் தள்ளக் கூடாது என்கிறது அதே சுமனசேன வழக்கு. பிந்தியதற்கான காரணம் நம்பக்கூடியதா என்று பார்க்க வேண்டும். பயம் ஒரு காரணம். சத்திரசிகிச்சை முடிந்து நினைவில்லாமல் கிடந்தது இன்னொரு காரணம்.

முரண்பாடு. பொலிஸ் வாக்குமூலத்துக்கும் நீதிமன்றச் சாட்சியத்துக்கும் இடையிலுள்ள முரண்களை எதிர்த்தரப்புச் சட்டத்தரணி வி1, வி2 என்று அடையாளமிடுவார். வி9 வரை போனதைக் கண்டு வீட்டார் சந்தோஷப்படுவதுண்டு. எண்ணிக்கை இங்கேயும் உதவாது. போகின்பாய் வழக்கில், 1983இல், இந்திய உயர் நீதிமன்றம் இதைப் பற்றி விரிவாக எழுதியது, நமது நீதிமன்றங்களும் அதை அடிக்கடி பின்பற்றுகின்றன. மனித நினைவு ஒளிப்பட நாடா அல்ல. திடீரென நடந்ததை ஒருவர் ஒரு பக்கத்தைக் கவனிப்பார், மற்றவர் இன்னொரு பக்கத்தை. நேரத்தையும் தூரத்தையும் ஊகத்தில்தான் சொல்வார்கள். கூண்டில் ஏறியதும் பதற்றத்தில் சிலது மாறும். ஆகவே முரண் வழக்கின் வேரைத் தொடுகிறதா என்பதே கேள்வி. சட்டை நீலமா கறுப்பா என்பது வேரைத் தொடாது. குத்தியவரை முன்பே தெரியும் என்று ஒரு தடவையும், தெரியாது என்று மறு தடவையும் சொன்னால் தொடும்.

காணும் வசதி. குத்தியவரைச் சரியாக அடையாளம் கண்டாரா? இங்கிலாந்தின் டேர்ன்புல் தீர்ப்பு 1976இல் கேட்கச் சொன்ன கேள்விகள் இங்கேயும் கேட்கப்படுகின்றன. எவ்வளவு நேரம் கண்டார், எவ்வளவு தூரம், வெளிச்சம் எப்படி, நடுவில் மறைப்பு இருந்ததா, முன்பே தெரிந்தவரா, பொலிஸில் அடையாளம் காட்டும்வரை எவ்வளவு காலம் சென்றது. மஃரிபுக்கு முன்னா பின்னா என்பது இங்கேதான் உயிர்ப் பிரச்சினையாகிறது.

சொந்தம், நலன். மனைவியின் தம்பி என்பதற்காக அவருடைய சாட்சியம் குப்பைக்குப் போவதில்லை. கூடுதல் கவனத்தோடு வாசிக்கப்படும். குற்றத்தில் தானும் பங்குகொண்டவர் சாட்சி சொன்னால் கவனம் இன்னும் கூட வேண்டும். 133ஆம் பிரிவு அவரை மட்டும் நம்பித் தண்டிப்பதைத் தடுக்கவில்லை. 114ஆம் பிரிவோ வேறு சான்று துணை நிற்காவிட்டால் அவர் நம்பத்தகாதவர் என்று ஊகிக்க இடம் தருகிறது. கொள்ளுப்பிட்டிக்கு அடுத்த பம்பலப்பிட்டியில் 1951 ஒக்டோபரில் நடந்த சதாசிவம் வழக்கு இதற்கு எல்லோருக்கும் தெரிந்த உதாரணம். கிரிக்கெட் வீரர் சதாசிவத்தின் மனைவி கழுத்து நெரித்துக் கொல்லப்பட்டார். வீட்டு வேலைக்காரர் வில்லியம் நிபந்தனையுடனான மன்னிப்புப் பெற்று எசமானுக்கு எதிராகச் சாட்சி சொன்னார். மரணம் நேர்ந்த நேரத்தைப் பற்றிய மருத்துவ அபிப்பிராயம் வில்லியத்தின் கதையோடு உடன்படவில்லை. 1953 ஜூனில் ஜூரிமார் சதாசிவத்தை விடுதலை செய்தார்கள். வாயால் சொன்ன கதையை உடம்பு சொன்ன கதையோடு ஒப்பிட்டுப் பார்த்ததன் விளைவு அது.

நேர்மையும் நினைவும்

ஹதீஸ் கலை படித்தவர்களுக்கு இதில் ஒரு பழகிய வாசனை தெரியும். அறிவிப்பாளர்களைத் தரம்பிரித்த இமாம்கள் இரண்டு அளவுகோல்களைத் தனித்தனியாக வைத்தார்கள். ஒன்று அதாலத், அதாவது நேர்மை. மற்றது ளப்த், அதாவது கேட்டதைப் பிசகாமல் காத்துச் சொல்லும் ஆற்றல். தொழுகையாளியும் தக்வாதாரியுமான ஒருவர், நினைவு பிசகும் என்பதற்காகப் பலவீனமானவர் என்று எழுதப்பட்டிருக்கிறார். அதில் அவரைப் பொய்யர் என்று யாரும் சொல்லவில்லை. நீதிமன்றத்தின் கேள்வியும் இரண்டாகப் பிரிகிறது. சாட்சி பொய் சொல்கிறாரா என்பது ஒன்று. உண்மை என்று நம்பிக்கொண்டே பிழையாகச் சொல்கிறாரா என்பது மற்றது. அடையாளம் காணும் விடயத்தில் இரண்டாவதுதான் ஆபத்தானது. உறுதியோடு, அழுத்தமாக, தவறான ஆளைக் காட்டும் நேர்மையான சாட்சியைக் குறுக்குக் கேள்வியால் உடைப்பது மிகக் கஷ்டம்.

ஒன்றில் பொய் சொன்னவர் எல்லாவற்றிலும் பொய்யர் என்ற இலத்தீன் பழமொழி ஒன்று சட்டத்தில் உண்டு. முன்பு இதை இறுக்கமாகப் பிடித்த தீர்ப்புகள் இருந்தன. 1960களில் பிரான்சிஸ் அப்புஹாமி வழக்கு, இதை இயந்திரம் போலப் பிரயோகிக்க முடியாது என்று தெளிவுபடுத்தியது. சாட்சியத்தின் நல்ல பகுதியைக் கெட்ட பகுதியிலிருந்து பிரிக்க முடிந்தால் பிரித்து எடுக்கலாம். பின்னிப் பிணைந்து பிரிக்க முடியாமல் இருந்தால் முழுவதையும் விட வேண்டும்.

எதிரியின் வார்த்தை

கடைசியாக ஒன்று. சாட்சியை நம்புகிறோமா, எதிரியை நம்புகிறோமா என்று இரண்டிலொன்றைத் தெரிவது போல வீட்டில் பேசுகிறோம். சில தீர்ப்புகள்கூட அப்படி எழுதப்பட்டு மேன்முறையீட்டில் விழுந்திருக்கின்றன. எதிரி கூண்டில் நின்று சத்தியம் செய்யாமல் ஒரு வாக்குமூலம் கொடுக்க நமது நாட்டில் இடமுண்டு. குலரத்ன வழக்கு, 1968இல், அதை எப்படிப் பார்க்க வேண்டும் என்று சொன்னது. அதை நம்பினால் அதன்படி நடக்க வேண்டும். முழுக்க நம்பாவிட்டாலும் அது நியாயமான சந்தேகம் ஒன்றை எழுப்பினால் எதிரி விடுதலை. அதாவது எதிரியின் கதை பொய் என்று கண்டால்கூட, வழக்குத்தொடுநரின் கதை தன் சொந்தக் காலில் நிற்க வேண்டும். டஃப் ஹவுஸ் தீர்ப்பின் 106ஆம் பிரிவு விளக்கமும் இதே இடத்தில்தான் வந்து சேர்கிறது.

ஆகவே, "ரெண்டு மாதிரி சென்னாங்களே" என்று கேட்பவருக்கு நான் சொல்வது இவ்வளவுதான். எதில் ரெண்டு மாதிரி? அது வேரா, இலையா? சொன்னவர் எங்கே நின்றார், எப்போது முதலில் சொன்னார்? கண்டிருக்கக்கூடிய வேறு யாராவது வராமல் விட்டார்களா? வழக்கேட்டை இந்தக் கேள்விகளோடு வாசித்தால், மேன்முறையீட்டில் என்ன நடக்கும் என்பதை ஓரளவு முன்கூட்டியே உணரலாம். பொய் நம்பிக்கையில் பணத்தையும் வருடங்களையும் இழப்பதையும் தவிர்க்கலாம்.

சாட்சியாக அழைக்கப்படும் நம் பிள்ளைகளுக்கும் இதில் பாடம் உண்டு. கண்டதைப் பிந்தாமல் பொலிஸில் சொல்ல வேண்டும். எழுதியதை வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டுவிட்டுத்தான் ஒப்பமிட வேண்டும். தெரியாததைத் தெரியாது என்று சொன்னால் மதிப்புக் குறையாது, கூடும். கூண்டில் மொழிபெயர்ப்பு பிழைத்தால் அந்த இடத்திலேயே, "நான் அப்பிடிச் சொல்லல்ல ஐயா" என்று நீதிபதியிடம் சொல்லலாம், அதற்கு உரிமை உண்டு. பயமுறுத்தல் வந்தால், பாதிக்கப்பட்டோரையும் சாட்சிகளையும் பாதுகாக்கும் 2023ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. "நமக்கேன் வம்பு" என்று வீட்டில் இருந்துவிட்டால், அந்தத் த்ரீவீல் சாரதி வராத வழக்கைப் போல ஒரு பக்கத்துக் கதையை மட்டும் வைத்துத்தான் நீதிமன்றம் தீர்ப்பளிக்கும். அதில் குத்தியவர் தப்பலாம், குத்தாதவர் 20 வருடம் உள்ளே போகவும் செய்யலாம்.